நாலடி எட்டு அங்குலம்

"பாப்பா, செத்த நேரம் உக்காரு. அம்மா வரட்டும்."

அவளிடம் நான் முதன்முதலாகப் பேசியது இதுதான். ராஜபாளையத்தில் எனக்கு ஒரு போட்டோ ஸ்டுடியோ. அன்றைக்குக் காலையில் கதவைத் தள்ளிக்கொண்டு வந்தவளை, பரீட்சைக்குப் பாஸ்போர்ட் சைஸ் படம் எடுக்க வந்த பள்ளிக்கூடத்துப் பிள்ளை என்று நினைத்துவிட்டேன். கம்ப்யூட்டரிலிருந்து தலையை முழுசாகத் தூக்கிக்கூடப் பார்க்கவில்லை.

"எங்கம்மா ஸ்ரீவில்லிபுத்தூர்ல இருக்கு. அது எதுக்கு இங்க வரணும்? எனக்கு முப்பது முடிஞ்சிருச்சு. நைட்டிக் கம்பெனி முதலாளி அனுப்பிச்சு வாரேன். இன்னைக்கு நான்தான் மாடல்."

எனக்கு முகம் செத்துப்போய்விட்டது. எழுந்து நின்று, "மன்னிச்சுக்கோம்மா" என்றேன். அவள் சிரித்தாள்.

"இருக்கட்டும்ணே. பஸ்ல கண்டக்டர்ல இருந்து எல்லாரும் அப்படித்தான். முதல் மட்டம் தெரியாமச் சொல்லுதாங்க, விட்டுருவேன். ரெண்டாவது மட்டம் சொல்ல விடமாட்டேன்."

நான் ரெண்டாவது தடவை அப்படிச் சொல்லவில்லை. ஆனால் அதைவிடப் பெரிய காரியம் ஒன்றைச் செய்தேன். அதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன். அவள் பெயரை மட்டும் எழுத மாட்டேன். அவள் விஷயத்தில் கேட்காமல் செய்ததெல்லாம் போதும்.

செட்டியார்பட்டிப் பக்கம் வீட்டுக்கு வீடு நைட்டி தைப்பார்கள் என்பது எங்கள் பக்கத்துக்காரர்களுக்குத் தெரியும். அப்படி ஒரு கம்பெனியில் அவள் செக்கிங்கில் வேலை பார்த்தாள். தைத்து வந்த துணியில் நூல் பிசிறு வெட்டி, தையல் விட்டிருக்கிறதா என்று பார்த்து, மடித்து அடுக்குகிற வேலை. முதலாளி நல்ல மனுஷன். செலவுக்குத்தான் பயப்படுவார். வாட்ஸ்அப்பில் படம் போட்டு வெளியூர்க் கடைகளுக்கு விற்கலாம் என்று அவருக்கு யாரோ சொல்லியிருக்கிறார்கள். மதுரையிலிருந்து மாடல் கூப்பிட்டால் கட்டுப்படியாகாது. கம்பெனியில் வேலை பார்க்கிற பெண்களைக் கேட்டால், நைட்டியோடு ஊரெல்லாம் மூஞ்சி தெரியுமா என்று ஒருத்திகூடச் சம்மதிக்கவில்லை. இவள்தான் கத்திரியைக் கீழே வைத்துவிட்டு, "நான் நிக்கேன். தெரிஞ்சா தெரியட்டும், நான் என்ன களவாங்கவா போறேன்?" என்று வந்திருக்கிறாள்.

கடையில் விற்கிற நைட்டி எல்லாம் ஃப்ரீ சைஸ். நீளம் ஐம்பத்து நாலு அங்குலம். அவளோ தலை முதல் கால் வரைக்கும் சேர்த்தே ஐம்பத்தாறு அங்குலம்தான். முதல் நைட்டியைப் போட்டுக்கொண்டு வெளியே வந்தபோது, முக்கால் சாண் துணி தரையில் கிடந்து புரண்டது. நான் வாய் சும்மா இல்லாமல், "என்னம்மா இம்புட்டுக் குட்டையா இருக்கியே, எப்படி எடுக்க?" என்றேன்.

"நான் குட்டை இல்லண்ணே. துணிதான் நீளம்."

சொன்ன வேகத்துக்குக் கழுத்தில் கிடந்த இஞ்ச் டேப்பை எடுத்துத் தோளிலிருந்து கணுக்கால் வரைக்கும் பிடித்து, "பாருங்க, நாப்பத்தாறு. இதுக்குத் தச்சா சரியா இருக்கும்" என்றாள். அந்த டேப் இல்லாமல் நான் அவளைப் பார்த்ததே கிடையாது. வேறு பெண்கள் செயினைத் தடவுகிற மாதிரி பேசும்போதெல்லாம் அதைத் தடவிக்கொண்டிருப்பாள்.

இங்கே என் தொழிலில் ஒரு வழக்கம் இருப்பதைச் சொல்ல வேண்டும். எங்கள் ஊரில் வரன் பார்க்கக் கொடுக்கிற போட்டோ இருக்கிறதே, அதை எந்த ஸ்டுடியோக்காரனும் உள்ளபடியே கொடுக்க மாட்டான். பெண் கறுப்பு என்றால் ரெண்டு சுற்று வெளுப்பாக்குவோம். குட்டை என்றால் கால்மாட்டில் ஒரு பலகையைப் போட்டு, சேலையை இறக்கி மூடிவிடுவோம். இப்போது பலகைக்கும் வேலையில்லை. கம்ப்யூட்டரில் இடுப்புக்குக் கீழே பிடித்து ஒரு இழு இழுத்தால் போதும். பெண்ணைப் பெற்றவர்கள் கேட்கக்கூட மாட்டார்கள். நாங்களாகவே செய்துவிடுவோம். நாலு பேருக்கு நல்லது செய்கிறோம் என்றுதான் நினைப்பு. முப்பது வருஷமாக இதே வேலை.

அன்றைக்கும் நான் பலகையைத்தான் கொண்டுவந்து போட்டேன். அவள் அதைக் காலால் ஓரமாகத் தள்ளினாள்.

"இது எதுக்குண்ணே?"

"உசரமாத் தெரியும்மா."

"அப்ப என்னைய மாதிரி இருக்கிறவ இதைப் பாத்து வாங்கி, வீட்ல போட்டுப் பாத்துட்டு, தரையில கிடக்குன்னு அழுவா. தைக்கக் குடுத்தா முப்பது ரூவா கேப்பான். நிக்கிறபடி எடுங்க. அடியில மாடல் உசரம் நாலடி எட்டு அங்குலம்னு போடுங்க."

நான் முதலாளிக்குப் போன் போட்டேன். "அது அப்படித்தான் அண்ணாச்சி, ரெண்டு நாளா என் உசுர வாங்குது. போட்டுத்தான் தொலைங்க" என்றார். நாப்பத்தாறு அங்குலத்தில் ஒரு கட்டு நைட்டி வெட்டவும் அவரைச் சம்மதிக்க வைத்துவிட்டாள். அளவு பார்க்க இவளையே நிறுத்தி, இவள் உடம்புக்கு வைத்துத்தான் பேட்டர்ன் போட்டார்கள். அந்தக் கட்டு விற்றுப் போன இடம் தெரியவில்லை. எங்கெங்கோ இருந்து கடைக்காரர்கள், அந்தச் சின்னப் பொண்ணு போட்டிருக்கிற நீளத்தில் இன்னும் வேண்டும் என்று கேட்டார்கள். முதலாளி பெட்டிமேல் 'குட்டை சைஸ்' என்று அச்சடித்துவிட்டார். இவள் விடுவாளா? முழுப் பெட்டியையும் திருப்பி அனுப்பி, 'சின்ன நீளம்' என்று மாற்றி அச்சடிக்க வைத்தாள்.

அதற்குப் பிறகு ஒன்றரை வருஷம் மாதத்துக்கு ரெண்டு தடவையாவது ஸ்டுடியோவுக்கு வந்துவிடுவாள். இன்ஸ்கர்ட், சுடிதார், வீட்டில் போடுகிற பேன்ட் என்று நாலைந்து கம்பெனிக்காரர்கள் அவளைக் கேட்டார்கள். எனக்கும் கேட்டலாக் வேலை பெருகியது. உள்ளதைச் சொன்னால், கல்யாண சீசன் இல்லாத மாதங்களில் எங்கள் வீட்டு அடுப்பு எரிந்தது அவளால்தான்.

ஒரு தடவை யூனிஃபார்ம் கடைக்காரர் ஒருவர், ப்ளஸ் டூ பிள்ளைகள் போடுகிற யூனிஃபார்மை இவளுக்கு மாட்டி, ரெட்டைச் சடை போட்டு ஒரு ஃப்ளெக்ஸ் அடிக்கலாம் என்றார். கை நிறையத் தருவதாகவும் சொன்னார். நான் நாலு வார்த்தை இனிப்பாகப் பேசினால் சம்மதிப்பாள் என்று நினைத்துப் பேச்சை எடுத்தேன். அவள் முகம் மாறியது. பையை எடுத்துத் தோளில் மாட்டிக்கொண்டாள்.

"அண்ணே, எனக்கு முப்பத்தொண்ணு. பதிமூணு வருஷமா ஓட்டுப் போடுதேன், ரேஷன் கார்டுல குடும்பத் தலைவின்னு இருக்கேன். என்னையப் பிள்ளைன்னு காட்டுத வேலைக்கு நான் வரமாட்டேன். குட்டையா இருந்தா வயசு குறைஞ்சிருமா?"

"நல்ல காசும்மா…"

"எம்புட்டுக் காசா இருந்தா என்ன? வாரேன்ணே."

போய்விட்டாள். எனக்கு அன்றைக்கு ஆத்திரமாகத்தான் வந்தது. பெரிய இவளாட்டம் பேசுகிறாள் என்று வீட்டில் வந்து சொன்னேன். என் மனைவி காய் நறுக்கிக்கொண்டே, "அவ பேசினதுல என்ன தப்பு? நீங்கதான் எவன் எதைச் சொன்னாலும் தலையாட்டுதீய" என்றாள். என் மனைவிக்கு அவளைப் பார்த்த நாளிலிருந்தே பிடிக்கும்.

மாடல் வேலையைப் பற்றி அவளுக்குத் தெரிந்த அளவுக்கு எனக்குத் தெரியாது. மதியச் சாப்பாட்டு நேரத்தில் போனைத் தேய்த்துத் தேய்த்து எல்லாம் படித்து வைத்திருந்தாள். மேடையில் நடக்கிறவர்களுக்கு ஐந்தே முக்கால் அடி கேட்பார்கள், அது நமக்கு ஆகாது என்பாள். ஆனால் ஆன்லைனில் துணி விற்கிறவர்களுக்கு எல்லா உயரமும் வேண்டும், செருப்புக்குக் கால் மட்டும் போதும், வளையலுக்குக் கை மட்டும் போதும், தைக்கிற இடத்தில் அளவுக்கு நிற்பதற்கே தனியாக ஆள் வைக்கிறார்கள் என்று வரிசையாகச் சொல்லுவாள்.

"மேடையில நடக்கிறவ நூறு பேருண்ணே. துணி வாங்குறவ கோடிப்பேரு. அதுல என் உசரத்துல எத்தனை பேரு இருப்பா? அவளுக்கெல்லாம் ஒரு ஆளு நிக்கணும்ல?"

அந்த ஆள் தான்தான் என்று அவளுக்கு ஒரு தீர்மானம். அதைச் சொல்லும்போது வெட்கமே பட மாட்டாள். எனக்குத்தான் கேட்கச் சங்கடமாக இருக்கும்.

வைகாசி மாதத்தில் ஒருநாள் ஓட்டமும் நடையுமாக வந்தாள். போனை என் முகத்துக்கு நேரே நீட்டினாள். பெங்களூரில் ஒரு கம்பெனி, குட்டையான பெண்களுக்கு மட்டும் துணி தைத்து ஆன்லைனில் விற்கிறதாம். மாடல் வேண்டும் என்று விளம்பரம் போட்டிருந்தார்கள். ஐந்து அடிக்குக் கீழே இருக்க வேண்டும். இருபத்தொரு வயது தாண்டியிருக்க வேண்டும். முன்னால், பக்கவாட்டில், பின்னால் என்று மூன்று படம் அனுப்ப வேண்டும்.

"நமக்குன்னே போட்டிருக்கான்ணே! இங்கிலீஷ்ல இருக்கு, எனக்குப் பாதிதான் புரியுது. முழுசா வாசிச்சுச் சொல்லுங்க."

நான் முழுசாக வாசிக்கவில்லை. அன்றைக்கு ஒரு கல்யாண ஆல்பம் கொடுக்க வேண்டிய அவசரம். மேலே நாலு வரி பார்த்துவிட்டு, "சரியாப்போச்சு, ஞாயித்துக்கிழமை வா, எடுத்துருவோம்" என்றேன்.

ஞாயிற்றுக்கிழமை அவளே தைத்த ஒரு நீல டாப்ஸும் வெள்ளைப் பேன்ட்டும் போட்டுக்கொண்டு வந்தாள். செருப்பைக் கழற்றிவிட்டு வெறுங்காலோடு திரைக்கு முன்னால் நின்றாள். அன்றைக்கு அவள் நின்ற நிலை இன்னும் என் கண்ணில் இருக்கிறது. கையை எங்கே வைப்பது, எங்கே பார்ப்பது என்று ஒன்றும் கேட்கவில்லை. தன் வீட்டு வாசலில் நிற்கிற மாதிரி சும்மா நின்றாள். அவ்வளவு பொருத்தமாக எந்த உயரமான பெண்ணும் என் கேமராவுக்கு முன்னால் நின்றதில்லை. இது சத்தியம்.

போகும்போது, "இருக்கிறபடியே அனுப்பிருங்கண்ணே" என்றாள். "அனுப்பிருதேன், நீ நிம்மதியா போ" என்றேன்.

ராத்திரிவரைக்கும்கூட நான் காத்திருக்கவில்லை. அப்போதே படத்தைக் கம்ப்யூட்டரில் திறந்தேன். பார்க்கப் பார்க்க எனக்கு மனசு கேட்கவில்லை. கூடப்பிறந்தவள் மாதிரி பழகிய பிள்ளை, பெங்களூர்க்காரன் முன்னால் போய் நிற்கப் போகிறது. இப்படி ஒன்றும் செய்யாமலா அனுப்புவது? முகத்தைக் கொஞ்சம் வெளுப்பாக்கினேன். பிறகு இடுப்புக்குக் கீழே பிடித்து இழுத்தேன். கை தானாகவே போனது. முப்பது வருஷப் பழக்கம். மூன்று படத்திலும் அவள் ஐந்தடி நாலு அங்குலம் ஆகிவிட்டாள். திருப்தியாக அனுப்பினேன். விவரத்தில் உயரம் நாலடி எட்டு என்று ஒழுங்காகத்தான் போட்டேன். குட்டையானவர்கள் வேண்டும் என்று கேட்டவனுக்கு நெட்டையாக்கி அனுப்பியிருக்கிறோம் என்கிற அறிவு எனக்கு அந்த நிமிஷம் வரவே இல்லை. சொன்னால் நம்புவீர்களா? உலகத்தில் வேறு எந்த முட்டாளும் இதைச் செய்திருக்க மாட்டான்.

நாலு நாளில் பதில் வந்தது. என் மெயிலுக்குத்தான் வந்தது, அவளிடம் மெயில் கிடையாது. படமும் சொல்லியிருக்கிற உயரமும் ஒத்துப்போகவில்லை, திருத்திய படம் அனுப்பக்கூடாது என்று விளம்பரத்திலேயே சொல்லியிருக்கிறோம், ஒரு வாரத்துக்குள் எடுத்தபடியே உள்ள படத்தை அனுப்புங்கள் என்று எழுதியிருந்தார்கள். கீழே இன்னும் ஒரு வரி இருந்தது.

கேமரா கார்டை எடுத்துப் பார்த்தேன். கல்யாண வேலைக்காக அதைத் துடைத்துவிட்டிருந்தேன். இழுத்த படத்தை அசலின் மேலேயே சேமித்துவிட்டதால் கம்ப்யூட்டரிலும் மூலப் படம் இல்லை. திரும்ப எடுக்க வேண்டும் என்றால் அவளைக் கூப்பிட வேண்டும். கூப்பிட்டால் எதற்கு என்று சொல்ல வேண்டும். 'உன்னை இருக்கிறபடி அனுப்ப எனக்கு மனசு வரலம்மா' என்று அவள் முகத்தைப் பார்த்துச் சொல்ல வேண்டும்.

நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம் என்று தள்ளினேன். மறுநாளும் தள்ளினேன். இன்னொன்றையும் ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன். ஆடித் தள்ளுபடிக்கு முன்னால் மூன்று கம்பெனி கேட்டலாக் எடுக்க வேண்டியிருந்தது. அவள் பெங்களூருக்குப் போய்விட்டால் அதற்கு யார் நிற்பது என்ற எண்ணமும் எனக்குள் ஓடியது. எது முந்தி ஓடியது என்று இன்றைக்கு வரைக்கும் எனக்கே தெரியவில்லை. ஒரு வாரம் முடிந்தது. அன்றைக்கு எனக்குக் கொஞ்சம் நிம்மதியாகக்கூட இருந்தது. சண்டாளன்.

அவள் தினமும் போன் செய்தாள். "பதில் வந்துச்சாண்ணே?"

"இன்னும் வரலம்மா."

ஒரு மாதம் கழித்து, "வேற ஆள எடுத்துட்டாங்க போலம்மா" என்று சொல்லிவிட்டேன்.

"அஞ்சடிக்குக் கீழேன்னுதான கேட்டாங்க? அங்கயும் நான் பத்தலயா?" என்றாள். பிறகு அவளே, "சரி, விடுங்க" என்று வைத்துவிட்டாள்.

ஆடிக் கேட்டலாக்குக்கு வந்தாள். வேலை எல்லாம் ஒழுங்காகத்தான் பார்த்தாள். படம் எடுத்து முடித்ததும், "அண்ணே, அடியில உசரம் போட வேண்டாம்" என்றாள். "ஏம்மா, நீதான போடச் சொல்லுவ?" என்றதற்கு, "போட்டு என்ன ஆகப்போகுது?" என்றாள். அடுத்த தடவை உயரமான குதிகால் செருப்பு ஒன்றை மஞ்சப்பையில் சுற்றி எடுத்துக்கொண்டு வந்தாள். போட்டு நடக்கத் தெரியாமல் சுவரைப் பிடித்துக்கொண்டு நடந்தாள். அதைப் பார்த்தபோதாவது நான் வாயைத் திறந்திருக்க வேண்டும். திறக்கவில்லை. லைட்டை நகர்த்தி வைக்கிற மாதிரி திரும்பிக்கொண்டேன்.

தீபாவளிக்கு அப்புறம் அவள் வரவில்லை. செக்கிங் மேஜைக்கே திரும்பிவிட்டாள் என்று முதலாளி சொன்னார். "கூப்பிட்டா வரமாட்டேங்கு அண்ணாச்சி. நல்லா வாயாடிக்கிட்டு இருந்த பிள்ள, இப்ப குனிஞ்ச தலை நிமிராம நூல் வெட்டுது. என்ன கோளாறுன்னே தெரியல" என்றார். நானும் அவரோடு சேர்ந்து, என்ன கோளாறோ என்றேன்.

ரெண்டு வருஷம் போனது. போன மாதம், ரயில் டிக்கெட்டைத் தேடி என் போனில் மெயிலைத் துழாவிக்கொண்டிருந்தாள் என் மனைவி. அவள் இங்கிலீஷ் படித்தவள். ரொம்ப நேரம் எதையோ வாசித்தாள். பிறகு போனை என் முன்னால் வைத்தாள்.

"இது என்ன?"

நான் எல்லாவற்றையும் சொன்னேன். அவள் கத்துவாள் என்று பார்த்தேன், கத்தவில்லை. "போயி அவகிட்டச் சொல்லிட்டு வாங்க. நீங்க போகலன்னா நான் போறேன்" என்றாள். அன்று சாயங்காலம் நான் பெங்களூர்க் கம்பெனிக்கு எழுதிக் கேட்டேன். இப்போது புதிதாக ஆள் எடுப்பதில்லை என்று ஒற்றை வரியில் பதில் வந்தது.

ஞாயிற்றுக்கிழமை ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் பஸ் ஏறினேன். திருமுக்குளத்துக்குப் பக்கத்தில் ஒரு சந்தில் அவள் வீடு. துணி மடித்துக்கொண்டிருந்தவள் என்னைப் பார்த்ததும், "வாங்கண்ணே, வாங்க! வீடு தேடி வந்திருக்கீய" என்று நாற்காலியை இழுத்துப் போட்டாள். நான் உட்காரவில்லை. உட்கார்ந்தால் வேறு பேச்சு பேசிவிட்டு வந்துவிடுவேன் என்று எனக்கு என்னைப் பற்றித் தெரியும். நின்றபடியே முதலிலிருந்து கடைசிவரைக்கும் சொன்னேன். படத்தை இழுத்தது, பதில் வந்தது, ஒரு வாரம் இருந்தும் சும்மா இருந்தது, ஆடிக் கேட்டலாக், பொய் சொன்னது, இப்போது கேட்டு அவர்கள் இல்லை என்றது. எல்லாம் சொன்னேன்.

நான் சொல்லி முடித்த பிறகு, "அந்த மெயிலு இருக்கா?" என்றாள்.

"இருக்கு."

"வாசிங்க. இந்த மட்டமாவது முழுசா வாசிங்க."

தமிழில் சொல்லிக்கொண்டே வாசித்தேன். கடைசி வரிக்கு வந்தேன். 'இவரது உயரம் உண்மையிலேயே நாலடி எட்டு அங்குலம் என்றால், நாங்கள் தேடிக்கொண்டிருப்பது இவரைத்தான்.'

"அதை இன்னொரு மட்டம் சொல்லுங்க."

சொன்னேன்.

"இவரைத்தான்னா இருக்கு?"

"ஆமாம்மா. அப்படித்தான் இருக்கு."

அவள் மடித்த துணிமேல் கையை வைத்துக்கொண்டு சுவரைப் பார்த்தாள். கண்ணிலிருந்து தண்ணீர் வடிந்தது, துடைக்கவில்லை. "ஊர்ல எல்லாரும் நான் பத்தாதுன்னு சொன்னப்ப நம்பலண்ணே. பெங்களூர்க்காரங்க சொன்னாங்கன்னு நீங்க சொன்னதத்தான் நம்புனேன்" என்றாள்.

மன்னிச்சிரும்மா என்று சொன்னேனா, சொல்ல நினைத்தேனா, ஞாபகம் இல்லை.

"என் நம்பருக்கு அதை அனுப்பிட்டுப் போங்க."

அங்கேயே நின்று அனுப்பினேன். அவள் போனில் மணி அடித்தது. எடுத்துப் பார்த்தாள். அதற்குப் பிறகு என்னை நிமிர்ந்து பார்க்கவில்லை. ஒரு வாய் தண்ணீர் குடிக்கிறீர்களா என்று கேட்கவில்லை. நான் வெளியே வந்து செருப்பை மாட்டினேன்.

அவள் அம்மாவுக்குக் காது மந்தம் போலிருக்கிறது. உள்ளேயிருந்து அவள் உரக்கச் சொல்லுவது சந்து முனைவரைக்கும் கேட்டது.

"எம்மா, அந்தப் பெங்களூர்க்காரங்க என்னைய வேண்டாம்னு சொல்லலம்மா! கேக்குதா? அவிய வேண்டாம்னு சொல்லவே இல்ல!"